தமிழில் பேசி எழுதுவதும் குரலால் கணினியை இயக்குவதும்: வீட்டுக் கணினியில் எது உருப்படியா ஓடும்?

#1 நுனிவிரல்

மௌஸ் பிடிக்க முடியாத, இடது கையால் மெதுவாகத் தட்டக்கூடிய ஒருவருக்கு வீட்டுக் கணினியை அமைத்துத் தரணும். விண்டோஸ் 11, 8 ஜிபி ரேம், தனி கிராபிக்ஸ் கார்டு கிடையாது. தேவை ரெண்டு. கடிதம், கட்டுரை எல்லாம் தமிழில் பேசி எழுதணும். அப்புறம் புரோகிராம் திறக்க, மூட, இணையப் பக்கத்தில் கிளிக் செய்ய, எல்லாத்துக்கும் குரல்.

இப்போதைய நிலை: விண்டோஸ் பட்டனும் எச்-சும் சேர்த்து அழுத்தினால் மைக் பெட்டி வருது. தமிழில் பேசினால் ஆங்கிலத்தில் என்னென்னவோ விழுது. காசு கொடுத்து வாங்கும் மென்பொருள் கடைசி வழியாக இருக்கட்டும்.

#2 கோவை_குரல்

இதை ஒரே வேலையாகப் பார்த்தால் குழம்பிப்போகும். எழுதுவதற்குத் தமிழ், இயக்குவதற்கு ஆங்கிலம். இன்றைய நிலவரம் இதுதான், இதை ஒத்துக்கொண்டு அமைத்தால் பாதித் தலைவலி குறையும். தமிழில் "கோப்பைத் திற" என்று சொல்லி விண்டோஸை நடத்தும் வசதி விண்டோஸுக்குள் இல்லை.

முதலில் எழுதுவது. விண்டோஸ்+எச் எந்த மொழியில் கேட்கும் என்பதை அந்தப் பெட்டி முடிவு செய்யாது. அந்த நேரத்தில் கீபோர்டு எந்த மொழியில் இருக்கோ அந்த மொழியில்தான் கேட்கும். உங்களுடையது ஆங்கிலத்தில் இருக்கு, அதனால் தமிழ்ப் பேச்சை ஆங்கிலச் சொற்களாக்கப் பார்க்குது. செய்ய வேண்டியது:

செட்டிங்ஸ் திறந்து டைம் அண்ட் லாங்வேஜ், அதற்குள் லாங்வேஜ் அண்ட் ரீஜன். "ஆட் எ லாங்வேஜ்" அழுத்தித் தமிழ் (இந்தியா) சேருங்கள். திரை மொழியைத் தமிழாக்க வேண்டாம், அந்த டிக்கை எடுத்துவிடுங்கள். சேர்ந்ததும் எழுத வேண்டிய இடத்தில் கர்சரை வைத்து, விண்டோஸ்+ஸ்பேஸ் அழுத்தித் தமிழுக்கு மாறி, கடிகாரத்துக்குப் பக்கத்தில் தமிழ் காட்டுதா என்று பார்த்து, அதற்குப் பிறகு விண்டோஸ்+எச். மைக் பெட்டி திறந்திருக்கும்போதே மொழி மாற்றினால் சில நேரம் பழைய மொழியிலேயே நிற்கும். மூடித் திறந்துவிடுங்கள்.

இதற்கு இணையம் கட்டாயம். குரல் மைக்ரோசாஃப்ட் சர்வருக்குப் போய்த்தான் எழுத்தாகத் திரும்புது. பெட்டி வந்தும் ஒன்றுமே விழவில்லை என்றால் பார்க்க வேண்டிய இடம் பிரைவசி அண்ட் செக்யூரிட்டி. அதில் மைக்ரோஃபோன் அனுமதியும், ஸ்பீச் என்ற தலைப்பில் ஆன்லைன் ஸ்பீச் ரெகக்னிஷனும் ஆன் ஆக இருக்கணும்.

விண்டோஸ் 10 வைத்திருப்பவர்கள் இதே வழியில் முயற்சி செய்து நேரம் வீணாக்க வேண்டாம். அதில் விண்டோஸ்+எச் இருக்கு, தமிழ் இல்லை. அவர்களுக்கு கூகுள் டாக்ஸ்தான்.

#3 பிழைதிருத்தி

நான் டாக்ஸ் பக்கம். குரோமில் டாக்ஸ் திறந்து டூல்ஸ் மெனுவில் வாய்ஸ் டைப்பிங், அல்லது கன்ட்ரோல்+ஷிஃப்ட்+எஸ். இடப்பக்கம் வரும் சின்னப் பெட்டியின் மேலே மொழிப் பட்டியல் இருக்கு, அதில் தமிழ். இங்கே கீபோர்டு மொழிக்கும் இதற்கும் சம்பந்தமே இல்லை. அதனால் குழப்பம் குறைவு. மைக் சிவப்பானால் கேட்குது என்று பொருள்.

ரெண்டு விஷயம் தெரிந்திருக்கணும். வேறு டேபுக்குப் போனால் மைக் நின்றுவிடும். கொஞ்ச நேரம் பேசாமல் இருந்தாலும் நிற்கும். யோசித்து யோசித்துப் பேசுபவர்களுக்கு இது பெரிய தொல்லை, முன்னால் ஒரு தாளில் குறிப்பு வைத்துக்கொண்டு பத்தி பத்தியாகப் பேசுவது நல்லது. இன்னொன்று, "செலக்ட் பாரக்ராஃப்" மாதிரியான திருத்தும் கட்டளைகள் ஆங்கிலத்துக்கு மட்டும்தான். கணக்கின் மொழி, ஆவணத்தின் மொழி ரெண்டும் ஆங்கிலமாக இருந்தால்தான் அவை வேலை செய்யும்.

நிறுத்தக்குறிதான் நிஜமான பிரச்சினை. டாக்ஸில் வாயால் நிறுத்தக்குறி சொல்லும் வசதி ஆங்கிலம், ஜெர்மன், பிரெஞ்சு, ஸ்பானிஷ், இத்தாலி, ரஷ்யன் மொழிகளுக்குத்தான். தமிழில் "முற்றுப்புள்ளி" என்று சொன்னால் அந்தச் சொல்லே எழுத்தாக விழும். விண்டோஸ்+எச் பெட்டியின் கியர் சின்னத்தில் தானாக நிறுத்தக்குறி போடும் ஸ்விட்ச் இருக்கு. அதை ஆன் செய்யலாம், தமிழில் அதை நம்பி அப்படியே அனுப்பிவிடாதீர்கள்.

#4 நுனிவிரல்

நன்றி. விண்டோஸ்+ஸ்பேஸ் அழுத்திட்டுச் செய்தால் தமிழ் விழுது. ஆனால் பாதி வாக்கியம் காணாமல் போகுது, சில சொல் முழுசாத் தப்பு. ப்ளூடூத் ஹெட்செட் போட்டிருக்கு. மைக் காரணமா, மென்பொருள் காரணமா?

#5 மின்கம்பி

தம்பி, ப்ளூடூத்தைக் கழற்றிவிட்டுப் பாருங்க. ப்ளூடூத் ஹெட்செட்டில் மைக் வேலை செய்ய ஆரம்பித்ததும் அது பாட்டுக் கேட்கும் முறையை விட்டு ஹேண்ட்ஸ் ஃப்ரீ முறைக்கு மாறும். அப்போது பழைய ஹெட்செட்டானால் ஒலியை நொடிக்கு 8,000 தடவை அளந்து பதியும், கொஞ்சம் புதுசானால் 16,000 தடவை. பேச்சறியும் மென்பொருள்கள் பொதுவாக 16,000 எதிர்பார்க்கும். 8,000-த்தில் ச, ஸ, ஷ, ஃப மாதிரி ஒலிகளின் மேல்பகுதி வெட்டுப்பட்டுவிடும். அது போக, முறை மாறுவதற்கு எடுக்கும் நேரத்தில் முதல் சொல் போய்விடும். பாதி வாக்கியம் காணோம் என்பதற்கு இது பெரும்பாலும் காரணமாக இருக்கும்.

யூஎஸ்பி ஹெட்செட் வாங்குங்கள். விலை அதிகமானது தேவையில்லை. வாயருகே தண்டு நீட்டி வரும் மைக் உள்ளதாக இருக்கணும், அதுதான் முக்கியம். லேப்டாப் திரைக்கு மேல் உள்ள மைக் உங்கள் குரலோடு சீலிங் ஃபேன், மிக்ஸி, பக்கத்து அறை டிவி எல்லாத்தையும் ஒரே மாதிரி எடுக்கும்.

மைக் தலை வாய்க்கு நேராக இருக்கக் கூடாது. உதட்டின் ஓரத்திலிருந்து ரெண்டு விரல் தள்ளி, கொஞ்சம் கீழே. நேராக வைத்தால் ப, ட சொல்லும்போது காற்று அடித்து "புஃப்" என்று பதியும், அந்த இடத்தில் சொல் கெட்டுப்போகும். மூக்குக்குக் கீழே வைத்தாலும் மூச்சுச் சத்தம்.

வீட்டில் ஃபோனுக்கு வந்த 3.5 மிமீ இயர்ஃபோன் இருக்கே என்று டெஸ்க்டாப்பின் இளஞ்சிவப்புத் துளையில் சொருகிவிட்டு மைக் வேலை செய்யவில்லை என்று கேட்பவர்கள் ஏராளம். அந்த பிளக்கைப் பாருங்கள், மூன்று கறுப்பு வளையம் இருந்தால் அதில் ஒலியும் மைக்கும் சேர்ந்தே வருது. டெஸ்க்டாப்பில் ரெண்டும் தனித்தனித் துளை, ஒவ்வொன்றுக்கும் ரெண்டு வளையமுள்ள பிளக் வேணும். ஒய் வடிவப் பிரிப்பான் ஒயர் வாங்கினால் சரியாகிவிடும், அல்லது சின்ன யூஎஸ்பி சவுண்ட் கார்டு. லேப்டாப்பில் ஒரே துளை என்றால் இந்தச் சிக்கல் இல்லை.

பிறகு செட்டிங்ஸ், சிஸ்டம், சவுண்ட், இன்புட். நீங்கள் சொருகிய மைக் தேர்வாகியிருக்கா பாருங்கள். அதன் பெயரை அழுத்தினால் உள்ளே "ஸ்டார்ட் டெஸ்ட்" உண்டு. சாதாரணக் குரலில் பத்து நொடி பேசி நிறுத்தினால் சதவீதம் காட்டும். 60-லிருந்து 80-க்குள் வரும்படி இன்புட் வால்யூமை வைத்தால் போதும். 100-ஐ முட்டினால் ஒலி சிதையும், அதற்குப் பிறகு எந்த மென்பொருளாலும் திருத்த முடியாது. குரோமுக்கு மட்டும் வேறு மைக் தேர்வாகியிருக்கவும் வாய்ப்புண்டு. முகவரிப் பட்டையின் இடப்பக்கச் சின்னத்தை அழுத்தி சைட் செட்டிங்ஸ் வழியாக மைக்ரோஃபோன் போய் ஒருமுறை பார்த்துவிடுங்கள்.

#6 பிழைதிருத்தி

மைக் சரியானதும் மீதிப் பிழைகளில் பெரும்பங்கு பேசும் முறையால் வருவது. தனித்தனிச் சொல்லாக நிறுத்தி நிறுத்திச் சொன்னால் தெளிவாக இருக்கும் என்று நினைப்போம், நடப்பது தலைகீழ். "வலி" என்று மட்டும் சொன்னால் வலியா, வழியா, வளியா என்று அதற்குத் தெரிய வழியில்லை, பலர் வாயில் மூன்றும் ஒன்றுபோலவே ஒலிக்குது. "முழங்கால் வலி குறையவில்லை" என்று ஒரே மூச்சில் சொன்னால் பக்கத்துச் சொற்களை வைத்துச் சரியாக எடுக்கும். பனி/பணி, அரை/அறை, கரி/கறி எல்லாம் இதே கணக்கு. ஒரு வாக்கியத்தை முழுசாக மனசில் வைத்துக்கொண்டு சீரான வேகத்தில் சொல்வதுதான் சரி. செய்தி வாசிப்பவர் வேகம் ரொம்பப் பொருந்தும்.

பேச்சு வழக்கில் பேசினால் பேச்சு வழக்கில்தான் விழும். சில இடத்தில் எழுத்து வழக்குக்கு இழுக்கப் பார்க்கும், ரெண்டும் கலந்து ஒரே பத்தியில் "வந்துட்டாங்க"வும் "சென்றார்கள்"உம் நிற்கும். கடிதம் எழுதுபவர் எழுத்துத் தமிழிலேயே பேசிவிடுவது திருத்தும் நேரத்தை நிறைய மிச்சப்படுத்தும்.

ஒற்றுப் பிழையை எப்படியும் கையால்தான் பார்க்கணும். ஆள் பெயர், ஊர்ப் பெயர், தொகை, தேதி இந்த நான்கையும் ஒவ்வொன்றாகச் சரிபார்க்காமல் எந்தக் கடிதமும் வெளியே போகக் கூடாது. "ஆயிரத்து ஐநூறு" சில நேரம் 1500 என்றும், சில நேரம் சொல்லாகவும் விழும், ஒரே பத்தியிலேயே மாறும்.

நிறுத்தக்குறிக்கு நான் சொல்லும் வழி: வாயால் சொல்லிக்கொண்டே போங்கள், கடைசியில் மொத்தமாக மாற்றிவிடலாம். எழுதியதை லிப்ரே ஆஃபிஸ் என்ற இலவச மென்பொருளில் ஒட்டி கன்ட்ரோல்+எச், கீழே கூடுதல் விருப்பங்களில் ரெகுலர் எக்ஸ்பிரஷனை (ஒரே குறிப்பால் பல எழுத்து வடிவங்களைத் தேடும் முறை) டிக் செய்யுங்கள். தேடும் பெட்டியில் இதைப் போடுங்கள், முதல் எழுத்துக்கு முன்னால் ஒரு ஸ்பேஸ் விட்டு:

` *முற்று(ப்)? *புள்ளி`

மாற்றும் பெட்டியில் வெறும் புள்ளி. இதனால் "முற்றுப்புள்ளி", "முற்றுப் புள்ளி", "முற்று புள்ளி" மூன்றும், அவற்றுக்கு முன்னால் உள்ள ஸ்பேஸும் சேர்ந்து பிடிபடும்.

அடைப்புக்குறியை விட்டுவிட்டு "ப்?" என்று போட்டால் வேலை செய்யாது. கணினிகள் எழுத்துகளைக் குறிக்கும் பொது முறையான யூனிகோடில் "ப்" என்பது ஒரே எழுத்து கிடையாது, "ப" ஒன்று, மேலே வைக்கும் புள்ளி இன்னொன்று. கேள்விக்குறி கடைசியாக உள்ள புள்ளியை மட்டும்தான் விருப்பமாக்கும், "ப" கட்டாயமாகவே இருக்கும். தமிழில் ரெகுலர் எக்ஸ்பிரஷன் எழுதும்போது மெய்யெழுத்து, உயிர்மெய் எதுவானாலும் அடைப்புக்குள் போட்டுவிடுவது நல்ல பழக்கம்.

காற்புள்ளிக்கு "கமா" என்று சொல்லி அதையும் இதே மாதிரி மாற்றலாம். புதிய பத்திக்கு "அடுத்த பத்தி" என்று சொல்லி, மாற்றும் பெட்டியில் பின்சாய்கோடும் ஆங்கிலச் சின்ன என் எழுத்தும் போட்டால் பத்தி பிரியும்.

"எல்லாவற்றையும் மாற்று" பட்டனை உடனே அழுத்த வேண்டாம். "இந்தச் சண்டைக்கு முற்றுப்புள்ளி வைத்தார்கள்" என்று கட்டுரையில் வந்திருந்தால் அது "சண்டைக்கு. வைத்தார்கள்" ஆகிவிடும். முதலில் ஃபைண்ட் ஆல் போட்டு, தேர்வாகித் தெரியும் இடங்களை ஒரு பார்வை பார்த்துவிட்டு மாற்றுங்கள்.

#7 வன்னியூரான்

நல்ல விளக்கம் அண்ணை. எங்கட பக்கத்து ஆக்களுக்கு ஒரு குறிப்பு. டாக்ஸ் மொழிப் பட்டியலிலை தமிழுக்குள்ள இந்தியா, இலங்கை, சிங்கப்பூர், மலேசியா எண்டு நாலு கிடக்கு. இலங்கையைத் தெரிவு செய்து வைக்கலாம், ஆனால் "வாறன்", "கதைக்கேக்கை" எண்டதை அப்பிடியே பிடிக்கும் எண்டு நம்பாதேங்கோ. வாசிக்கிற தமிழிலை கதைச்சால்தான் ஒழுங்காய் விழும்.

விண்டோஸிலை தமிழ் (இலங்கை) எண்டு சேர்த்து வைச்சிருக்கிற ஆக்கள், குரல் தட்டச்சு வேலை செய்யேல்லை எண்டால் தமிழ் (இந்தியா) கீபோர்டையும் சேர்த்து அதுக்கு மாறிப் பாருங்கோ. மைக்ரோசாஃப்ட் குடுத்த பட்டியலிலை இருக்கிறது அதுதான்.

#8 கோவை_குரல்

இப்போ ரெண்டாவது பாதி, இயக்குவது. விண்டோஸ் 11-இன் 22எச்2 பதிப்பிலிருந்து வாய்ஸ் அக்சஸ் உள்ளேயே இருக்கு. விஸ்டா காலத்திலிருந்து இருந்த பழைய விண்டோஸ் ஸ்பீச் ரெகக்னிஷனை 2024 செப்டம்பரோடு இதற்கு மாற்றிவிட்டார்கள். அதனால் பழைய வழிகாட்டிகளைப் பார்த்து கன்ட்ரோல் பேனலில் தேடாதீர்கள்.

செட்டிங்ஸ், அக்சஸிபிலிட்டி, ஸ்பீச், வாய்ஸ் அக்சஸ் ஆன். முதல்முறை ஒரு மொழிக் கோப்பை இறக்கும், அதற்கு மட்டும் இணையம் வேணும். பிறகு எல்லாம் கணினிக்குள்ளேயே நடக்கும். திரையின் மேல் ஓரத்தில் ஒரு பட்டை வரும். அதன் கியர் சின்னத்தில் மொழியை இங்கிலீஷ் (இந்தியா) என்று மாற்றிவிடுங்கள். அமெரிக்க ஆங்கிலத்தில் விட்டுவிட்டு நம் உச்சரிப்போடு மல்லுக்கட்டுவது தேவையில்லாத வேலை. கணினி திறந்ததும் தானாகத் தொடங்கும் டிக்கும் அங்கேயே இருக்கு, உள்நுழைவதற்கு முன்பே தொடங்கும் டிக் தனியாக இருக்கு. கை பயன்படுத்த முடியாதவருக்கு ரெண்டும் வேணும். பாஸ்வேர்டை வாய்விட்டுச் சொல்ல வேண்டியிருக்கக் கூடாது என்றால் விரல்ரேகை அல்லது முகம் பார்க்கும் விண்டோஸ் ஹலோவை அமைத்துவிடுங்கள்.

தினசரி வேலைக்குச் சில கட்டளைகள் போதும். "ஓப்பன் குரோம்", "குளோஸ் விண்டோ", "மினிமைஸ் விண்டோ", "ஸ்க்ரோல் டவுன்", "பிரெஸ் என்டர்", "கிளிக்" சொல்லி அந்தப் பட்டனில் எழுதியிருக்கும் பெயர். "வாட் கேன் ஐ சே" என்றால் முழுப் பட்டியல் வரும்.

பெயர் இல்லாத சின்னங்களுக்கு "ஷோ நம்பர்ஸ்". கிளிக் செய்யக்கூடிய ஒவ்வொன்றின் மேலும் எண் ஒட்டும், எண்ணைச் சொன்னால் கிளிக். செய்தித் தளம் மாதிரி நெரிசலான பக்கத்தில் எண்கள் ஒன்றின் மேல் ஒன்று ஏறிப் படிக்க முடியாது. அப்போது கன்ட்ரோலும் கூட்டல் குறியும் அழுத்தச் சொல்லிப் பக்கத்தைப் பெரிதாக்கிவிட்டு மறுபடியும் எண் கேளுங்கள்.

எண் ஒட்டாத இடங்களும் உண்டு. படம், வரைபடம், வீடியோவின் நடுப்பகுதி, சில பழைய மென்பொருள்கள். அங்கே "ஷோ கிரிட்". திரை ஒன்பது கட்டமாகும். கட்டத்தின் எண்ணைச் சொன்னால் அதற்குள் மறுபடியும் ஒன்பது. மூன்று தடவை சொன்னால் ஒரு சின்ன ஐகான் அளவுக்கு இறங்கிவிடலாம், பிறகு "கிளிக்". தப்பான கட்டத்துக்குள் போய்விட்டால் "அன்டூ" சொன்னால் ஒரு படி மேலே வரும். இழுத்துப் போடணும் என்றால் எடுக்க வேண்டிய இடத்தில் "மார்க்"கும் எண்ணும், விட வேண்டிய இடத்துக்குக் கட்டம் வழியாகவே போய் "டிராக்".

சாதாரண நிலையில் இந்த வாய்ஸ் அக்சஸ் கட்டளையும் கேட்கும், எழுதவும் செய்யும். கட்டளையாகப் புரியாததை எழுத்தாகப் போட்டுவிடும், அதனால் வீட்டில் யாரோ பேசுவது ஆங்கிலத்தில் கடிதத்துக்குள் விழும். "கமாண்ட்ஸ் மோட்" என்று சொல்லி கட்டளை மட்டும் கேட்கும் நிலையில் வைத்துவிடுங்கள். உங்கள் ஆளுக்கு எழுத்து வேலை தமிழில்தானே, ஆங்கில எழுத்து தேவைப்படும்போது மட்டும் "டிஃபால்ட் மோட்" சொன்னால் போதும்.

#9 நுனிவிரல்

சார், கட்டம் முறை நல்லா வேலை செய்யுது. ஆனா தமிழில் எழுதும் நேரத்தில் ரெண்டும் சேர்ந்து கேட்டுக் குளறுபடி. டாக்ஸில் தமிழ் போய்க்கொண்டிருக்கும்போது வாய்ஸ் அக்சஸ் நடுவில் எதையோ கட்டளையாக எடுத்து வேறு இடத்துக்குப் போய்டுது.

#10 கோவை_குரல்

ஒரே மைக்கை ரெண்டு புரோகிராம் ஒரே நேரத்தில் கேட்க விண்டோஸ் அனுமதிக்கும். அதனால்தான் ரெண்டும் கேட்குது. ஒன்றைத் தூங்க வைக்கணும்.

டாக்ஸ் பக்கத்தில் நின்று "பிரெஸ் கன்ட்ரோல் ஷிஃப்ட் எஸ்" சொல்லுங்கள். டாக்ஸ் மைக் சிவப்பானதும் உடனே "வாய்ஸ் அக்சஸ் ஸ்லீப்". அதற்குப் பிறகு வாய்ஸ் அக்சஸ் எழுப்பும் சொல்லுக்காக மட்டும் காத்திருக்கும், வேறெதையும் கண்டுகொள்ளாது. இப்போ தமிழில் பேசலாம். முடிந்ததும் "வாய்ஸ் அக்சஸ் வேக் அப்", பிறகு மறுபடியும் "பிரெஸ் கன்ட்ரோல் ஷிஃப்ட் எஸ்" சொல்லி டாக்ஸ் மைக்கை அணையுங்கள். டாக்ஸ் மைக் திறந்திருந்த அந்தச் சில நொடியில் இந்தக் கட்டளைச் சொற்கள் "வாய்ஸ் அக்சஸ்" என்று தமிழ் எழுத்திலோ ஆங்கிலத்திலோ பத்தியின் கடைசியில் விழும். திருத்தும்போது அழித்துக்கொள்ளலாம். இடது கையால் ஒரு விசை அழுத்த முடியும் என்றால் டாக்ஸ் மைக்கைக் கையாலேயே திறந்து மூடுவது இன்னும் சுத்தம்.

மைக்கை அணைப்பது வேறு, "ஸ்லீப்" வேறு. "டர்ன் ஆஃப் மைக்ரோஃபோன்" சொல்லி அணைத்தால் எழுப்பும் சொல்லும் கேட்காது, கையால்தான் திரும்ப ஆன் செய்யணும். கை பயன்படுத்த முடியாதவர் தவறிக்கூட அதைச் சொல்லக் கூடாது, இதை அவரிடம் முதலிலேயே சொல்லிவிடுங்கள்.

இன்னொரு உபயோகமான விஷயம், வாய்ஸ் ஷார்ட்கட்ஸ். வாய்ஸ் அக்சஸ் அமைப்புக்குள் இருக்கு. நீங்களே ஒரு கட்டளைச் சொல் வைத்து, அதற்குக் கோப்பு திறப்பது, இணைய முகவரி திறப்பது, விசை அழுத்துவது, உரையை ஒட்டுவது என்று செயல்களை வரிசையாகக் கட்டலாம். ஒட்டும் உரை தமிழில் இருக்கலாம். "மை அட்ரஸ்" என்றால் வீட்டு முகவரி முழுசும் தமிழில் விழும், "லெட்டர் ஸ்டார்ட்" என்றால் பெறுநர், பொருள், மதிப்புக்குரிய ஐயா வரை. கட்டளைச் சொல் ரெண்டு மூன்று சொல்லாக, சாதாரணப் பேச்சில் வராததாக இருக்கட்டும்.

#11 சுழியம்

எல்லாரும் சர்வருக்குக் குரலை அனுப்பும் வழியையே சொல்றீங்க. மருத்துவக் கடிதம், வழக்கு சம்பந்தமான எழுத்து எல்லாம் அப்படி அனுப்பலாமா? பேச்சை எழுத்தாக்கும் விஸ்பர் இருக்கே. ஓப்பன்ஏஐ 2022 செப்டம்பரில் வெளியிட்டது, இலவசம், முழுக்கக் கணினிக்குள்ளேயே ஓடும், தமிழ் தெரியும், நிறுத்தக்குறியும் அதுவே போடும்.

#12 பிழைதிருத்தி

போடும், எப்போதும் சரியா போடும் என்று சொல்ல முடியாது. அதோடு இது பேசப் பேச எழுதும் கருவி கிடையாது. அவர் கேட்பது உடனுக்குடன் எழுதுவது.

#13 சுழியம்

உடனுக்குடன் வேணும்னா இது சரிப்படாது, அதை ஒத்துக்கறேன். ஆனா கட்டுரையை ஃபோனில் பதிவு செய்துவிட்டு, கணினியில் போட்டு எழுத்தாக்கும் வேலைக்கு இதைவிட நல்லது இலவசத்தில் கிடைக்காது. விவரம் சொல்றேன்.

கமாண்ட் வரி வேண்டாம் என்பவர்கள் சப்டைட்டில் எடிட் என்ற இலவச விண்டோஸ் மென்பொருளை எடுங்கள். வீடியோ மெனுவில் ஒலியை எழுத்தாக்கும் இடத்தில் விஸ்பர் இருக்கு, எஞ்சினையும் மாடலையும் அதுவே இறக்கிக்கொள்ளும். கமாண்ட் வரி தெரிந்தவர்கள் விஸ்பர் சிபிபி எடுக்கலாம்.

மாடல் தேர்வு முக்கியம். டைனி 75 எம்பி, பேஸ் 142 எம்பி, ஸ்மால் 466 எம்பி, மீடியம் 1.5 ஜிபி, லார்ஜ் 2.9 ஜிபி. ஆங்கிலத்துக்கு ஸ்மாலே அருமையாக இருக்கும், அதைப் பார்த்துத் தமிழுக்கும் அதையே எடுத்து ஏமாறாதீர்கள். தமிழுக்கு மீடியத்துக்குக் கீழே இறங்கவே வேண்டாம். 8 ஜிபி ரேமில் மீடியம் தாராளமாக ஓடும், ஆனால் கிராபிக்ஸ் கார்டு இல்லாததால் பேசிய நேரத்தைவிடக் கூடுதல் நேரம் எடுக்கும். பொறுமை வேணும். இன்னொரு காரணம், விஸ்பர் எழுத்துகளைத் துண்டு துண்டாகத்தான் எழுதும், ஆங்கிலச் சொல் பெரும்பாலும் ஒரே துண்டு, தமிழ்ச் சொல் பல துண்டு. அதே மாடல், அதே நீளப் பேச்சு, தமிழுக்கு நேரம் அதிகம்.

மூன்று அமைப்பைக் கவனிங்க. மொழியைத் தமிழ் என்று நீங்களே கொடுங்கள். தானாகக் கண்டுபிடிக்க விட்டால் முதல் 30 வினாடியை வைத்து முடிவு செய்யும், தொடக்கத்தில் ஆங்கில வணக்கமோ இசையோ இருந்தால் முழுக்கோப்பும் போச்சு. செயல் டிரான்ஸ்கிரைப் ஆக இருக்கட்டும், டிரான்ஸ்லேட் என்று இருந்தால் ஆங்கிலத்தில் வரும். பேசாத இடங்களை வெட்டும் வசதி, விஏடி என்று இருக்கும், அதை ஆன் செய்யுங்கள். நீண்ட மௌனத்தில் விஸ்பர் சும்மா இருக்காது, யாரும் சொல்லாத வாக்கியத்தைத் தானே எழுதும், அல்லது கடைசி வரியையே இருபது தடவை போடும். அப்படித் திரும்பத் திரும்ப வந்தால் முந்தைய உரையைத் துணைக்கு எடுக்கும் அமைப்பை அணைத்துவிட்டு மறுபடி ஓட்டுங்கள்.

சென்னை ஐஐடியின் ஏஐ4பாரத் குழு இந்திய மொழிகளுக்கென்றே வெளியிட்ட இண்டிக்கன்ஃபார்மர் மாடல்களும் உண்டு. ஆனால் பைத்தான் சூழல் அமைக்கத் தெரிந்தவர்களுக்கு மட்டும். வீட்டுக்காரருக்கு அதைக் கொடுத்துவிட்டு வராதீர்கள்.

#14 செவிவழி

திரைவாசிப்பான் பயன்படுத்துபவர்களுக்காக ஒரு வார்த்தை. என்விடிஏ திரைவாசிப்பான் ஓடும்போது ஸ்பீக்கரில் ஒலி விட்டால் அது வாசிப்பதையே மைக் கேட்டுத் திரும்ப எழுதும், அதை மறுபடி என்விடிஏ வாசிக்கும், இப்படியே சுற்றும். ஹெட்ஃபோன் கட்டாயம். பேசும் நேரத்தில் என்விடிஏ வாசிப்பதை நிறுத்த கன்ட்ரோல் விசையைத் தட்டினால் போதும்.

குரல் தட்டச்சில் விழுந்ததைக் காதால் சரிபார்க்கும்போது ஒரு ஆபத்து. ர/ற, ந/ன பிழைகள் காதுக்குத் தெரியாது. "அரை"யும் "அறை"யும் அது ஒரே மாதிரிதான் வாசிக்கும். சந்தேகச் சொல்லில் நின்று எழுத்தெழுத்தாக வாசிக்க வைக்கணும். அதற்கு அம்பு விசையால் ஒவ்வொரு எழுத்தாக நகர்வது எளிது.

#15 மின்கம்பி

இன்னொரு எளிய வழியை யாரும் சொல்லல. ஆண்ட்ராய்டு ஃபோனில் கூகுளின் ஜிபோர்டு கீபோர்டு, அதில் தமிழ் சேர்த்து மைக் சின்னம். ஃபோனில் அதே டாக்ஸ் ஆவணத்தைத் திறந்து பேசினால் கணினித் திரையில் எழுத்து வந்துகொண்டே இருக்கும். ஃபோன் மைக் வாய்க்குப் பக்கத்தில், கணினி மைக் வாய்ஸ் அக்சஸுக்கு மட்டும். ஒரே மைக்கை ரெண்டு பேர் கேட்கும் தொல்லை பாதி போய்விடும், பேசும்போது வாய்ஸ் அக்சஸைத் தூங்க மட்டும் வைங்க. ஃபோனை ஸ்டாண்டில் நிறுத்தி, வாய்க்கு ஒரு சாண் தூரத்தில்.

#16 அச்சுக்கோர்ப்பு

பேசி எழுதியதை எங்கள் பேஜ்மேக்கர் (அச்சுப் பக்கம் அமைக்கும் பழைய மென்பொருள்) கோப்பில் ஒட்டினால் எல்லாம் கேள்விக்குறியும் கட்டமுமாக வருது. பாமினி எழுத்துரு வைத்திருக்கோம்.

#17 பிழைதிருத்தி

குரல் தட்டச்சு எதுவானாலும் யூனிகோடில்தான் எழுதும். பாமினி, வானவில் எல்லாம் ஆங்கில எழுத்துகளின் இடத்தில் தமிழ் வடிவத்தை வைத்தவை, பேஜ்மேக்கருக்கு யூனிகோடு தெரியாது. ஒட்டுவதற்கு முன் யூனிகோடிலிருந்து பாமினிக்கு மாற்றும் கன்வெர்ட்டரில் போட்டு எடுக்கணும். மாற்றிய பிறகு கொ, கோ, கௌ வரிசையையும் ஸ்ரீ, க்ஷ எழுத்துகளையும் கண்ணால் பாருங்கள், பெரும்பாலும் அங்கேதான் உடையும். திருத்தம் எல்லாம் யூனிகோடிலேயே முடித்துவிட்டு மாற்றுங்கள், மாற்றிய பிறகு திருத்தினால் தேடி மாற்றுவது வேலை செய்யாது. இன்டிசைனுக்குப் போக முடிந்தால் யூனிகோடை நேராக ஒட்டலாம், பத்தி அமைப்பில் வேர்ல்டு ரெடி கம்போசரைத் தேர்ந்தெடுத்தால்தான் கொம்பும் காலும் சரியான இடத்தில் உட்காரும்.

#18 நுனிவிரல்

யூஎஸ்பி ஹெட்செட், டாக்ஸ், வாய்ஸ் அக்சஸ் மூன்றும் ஓடுது. கடைசியாக ஒன்று. மாலையில் பிழை அதிகமாகுது, காலையில் நன்றாக இருக்கு. இணைய வேகமா?

#19 மின்கம்பி

வேகம் குறைந்தால் எழுத்து தாமதமாக விழும், விட்டு விட்டு வரும். பொதுவாகச் சொல் மாறாது. சொல்லே மாறுதுன்னா பேசுபவர் குரல் களைத்திருக்கும், கடைசி எழுத்துகளை விழுங்குவார். அரை மணி பேசினால் பத்து நிமிஷம் ஓய்வு, பக்கத்தில் வெதுவெதுப்பான தண்ணி. மைக் தண்டு கன்னத்தோடு ஒட்டிக் கீழே சரிந்திருக்கா என்றும் பாருங்க, ஹெட்செட் தளர்ந்தால் மாலைக்குள் தாடைக்குப் போய்விடும். அந்த நேரத்தில் ஒருமுறை "ஸ்டார்ட் டெஸ்ட்" போட்டால் காலையில் வந்த சதவீதத்துக்கும் இதற்கும் வித்தியாசம் தெரிந்துவிடும்.